லெட்டிஸ் என்றால் மகிழ்ச்சி

வேலை தேடிப் பிடிப்பதில் அர்த்தம் அண்ணையை மிஞ்ச ஓக்லாந்தில் ஆள் கிடையாது. கிடைத்த வேலையைத் தொலைப்பதிலும் அவரை மிஞ்ச ஆள் கிடையாது. நான் சொல்வது தொண்ணூறுகளின் கதை. அந்த ஊரில் வந்து இறங்கியவர்களில் டாக்டர் டாக்சி ஓட்டினார். எஞ்சினியரான நான் ஒரு கிடங்கில் ஃப்ரிட்ஜ் பெட்டிகளை ஏற்றி இறக்கிக்கொண்டிருந்தேன். இந்த வேலையும் போய்விட்டால் என்ன செய்வது என்று எல்லாரும் பயந்துகொண்டிருந்தோம். அர்த்தம் அண்ணை மட்டும் காலையில் சாப்பாட்டு டப்பாவோடு புது வேலைக்குப் போவார். மத்தியானம் அதே டப்பாவை எங்கள் வீட்டுச் சமையலறையில் உட்கார்ந்து திறப்பார்.

காரணம் அவருடைய வாய். யாரைப் பார்த்தாலும் பெயரைக் கேட்பார். சொன்னால் போச்சு. அந்தப் பெயர் எந்த மொழியில் பிறந்தது, எந்தெந்த நாடு வழியாக வந்தது, அதற்கு என்ன பொருள் என்று சொல்லி முடிக்காமல் விடமாட்டார். சட்டையில் பெயர் குத்தியிருந்தால் கேட்கிற சிரமமும் அவருக்கு மிச்சம். யாழ்ப்பாணத்தில் பிறப்பு இறப்புப் பதிவு செய்யும் அலுவலகத்தில் காலமெல்லாம் கிளார்க்காக இருந்தவர். பிள்ளைக்குப் பெயர் பதிய வந்தவர்களிடம் அர்த்தம் கேட்டுக் கேட்டு, அவர்கள் விழித்ததைப் பார்த்துப் பார்த்து, தானே தேடிப் படித்துக்கொண்டது. ஏஜென்ட் ஒருவன் கனடா என்று சொல்லி ஏற்றிவிட்ட விமானம் அவரை நியூசிலாந்தில் கொண்டுவந்து இறக்கியது. அகதியாக ஏற்றுக்கொண்டார்கள். அப்போது அவருக்கு ஐம்பது தாண்டியிருந்தது.

ஓக்லாந்தின் தெற்கே மனுரேவாவில் பலகை வீடு ஒன்றை செல்வனும் அவன் மனைவி ரெஜினாவும் வாடகைக்கு எடுத்திருந்தார்கள். இருவரும் மன்னார்க்காரர்கள். செல்வன் வெல்டர். ரெஜினா ஆஸ்பத்திரித் துணி வெளுக்கும் இடத்தில் வேலை பார்த்தாள். மிச்சமிருந்த இரண்டு அறைகளில் ஒன்றில் அர்த்தம் அண்ணை இருந்தார். இன்னொன்றுக்கு நான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய் நின்ற அன்றைக்கு அவர்தான் கதவைத் திறந்தார்.

"பேர் என்ன தம்பி?"

"பாஸ்கர்."

"எந்த ஊர்?"

"திருச்சிங்க."

"பாஸ்கரன் எண்டால் வெளிச்சம் தாறவன். நல்லதாய்ப் போச்சு. உந்த ஹோல் பல்ப் ரெண்டு கிழமையாய் எரியேல்லை. ஏறி மாத்தும்."

பெட்டியைக் கீழே வைக்கும் முன்பே நாற்காலியில் ஏறி ஹால் பல்ப்பை மாற்றினேன்.

'அர்த்தம் அண்ணை' என்பது செல்வன் வைத்த பெயர். அதற்காக அண்ணை கோபித்துக்கொண்டதில்லை. அவர் ரெஜினாவைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதும் இல்லை. ரெஜினா என்றால் லத்தீனில் ராணியாம். அதனால், "மகாராணி, தேத்தண்ணி கிடைக்குமோ?" என்பார். நாள் முழுக்க ஆஸ்பத்திரிப் போர்வைகளோடு மல்லுக்கட்டிவிட்டு வந்தவளுக்கு அது எப்படி இருக்கும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள். "மகாராணிக்கு இடுப்பு நோகுது. நீங்களே போட்டுக் குடியுங்கோ" என்பாள். அவர் போடுவார். எங்கள் எல்லாருக்கும் சேர்த்தே போடுவார். அந்தத் தேநீரைக் குடிக்க முடியாது என்பது வேறு விஷயம்.

அவர் வேலைகளை இழந்த வரலாற்றைக் கொஞ்சம் சொல்லவேண்டும். முதலில் குளிர்பதனக் கிடங்கு. அங்கே மேஸ்திரியின் பெயர் கேமரன். ரக்பி ஆடி இரண்டு தடவை மூக்கை உடைத்துக்கொண்ட மனிதர். கேமரன் என்றால் பழைய ஸ்காட்லாந்து மொழியில் 'கோணல் மூக்கு' என்று பொருள். இதை அர்த்தம் அண்ணை முதல் நாள் காலையிலேயே, அத்தனை பேர் நிற்கும்போது, மிகுந்த மரியாதையோடு அவரிடம் சொன்னார்.

"உண்மையைத்தானே சொன்னனான்" என்றார் வீட்டுக்கு வந்து.

"அது உண்மைங்கிறதுதாண்ணே பிரச்சனை" என்றேன்.

அடுத்தது காய்கறிக்குத் தோல் சீவுகிற தொழிற்சாலை. அங்கே சூப்பர்வைசர் கால்வின். கால்வின் என்றால் வழுக்கை. அவர் தொப்பியைக் கழற்றாமல் இருந்திருந்தால் அண்ணை இன்னும் ஒரு மாதம் தாக்குப்பிடித்திருப்பார்.

இதற்கப்புறம் செல்வன் அவரை உட்காரவைத்துக் கையடித்துச் சத்தியம் வாங்கினான். வேலை செய்கிற இடத்தில் பெயரைப் பற்றி மூச்சு விடக்கூடாது. வெஸ்ட்கேட்டில் அப்போதுதான் கடைகள் திறந்துகொண்டிருந்தார்கள். மனுரேவாவிலிருந்து ஊரின் இந்த மூலைக்கும் அந்த மூலைக்குமான தூரம். அங்கே ஒரு கடையில் தள்ளுவண்டிகளைச் சேர்த்து அடுக்குகிற வேலை. மேனேஜர் பெயர் கேம்ப்பெல். கேம்ப்பெல் என்றால் கோணல் வாய். அண்ணை வாயை இறுக்கி மூடிக்கொண்டு வேலை பார்த்தார். வீட்டுக்கு வந்து எங்களிடம் மட்டும் ஆற்றாமையோடு சொல்வார்: "கோணல் வாய் இண்டைக்கு என்னைப் பாத்துச் சிரிச்சவன் தம்பி. எனக்கு நெஞ்சுக்குள்ளை அடைச்சுப் போச்சு."

விதி வேறு மாதிரி வந்தது. அந்த மேனேஜர் நல்ல மனிதர். ஒருநாள் அவராகவே கூப்பிட்டு, "உங்களுக்குப் பெயர்களைப் பற்றி நிறையத் தெரியுமாமே, என் பெயருக்கு என்ன அர்த்தம்?" என்று கேட்டுவிட்டார். கேட்ட பிறகு எப்படிச் சொல்லாமல் இருப்பது? அன்று மாலைக்குள் அந்தக் கடையில் இருந்த பொடியன்கள் எல்லாரும் மேனேஜரைக் 'கோணல் வாய்' என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். அடுத்த வாரம் அண்ணையின் டப்பா எங்கள் சமையலறைக்குத் திரும்பி வந்தது.

எல்லாரும் அவரைத் துரத்தினார்கள் என்று சொன்னால் பாவம். தெருமுனையில் பாலும் ரொட்டியும் விற்கும் டெய்ரியை ஃபிஜியிலிருந்து வந்த ஒருவர் வைத்திருந்தார். முன்சாமி என்பது அவருடைய குடும்பப் பெயர். பாட்டனார் கரும்புத் தோட்டத்துக்குப் போன தமிழர். இவருக்குத் தமிழில் ஒரு வார்த்தை தெரியாது. 'முனிசாமி' என்பதுதான் அப்படித் தேய்ந்திருக்கிறது என்று அண்ணை அவருக்கு ஆங்கிலத்தில் விளக்கினார். முனியாண்டிக்கு நேர்ந்துகொண்டு பெற்ற பிள்ளையாக இருக்கும், யாரோ ஒரு தாய் ரொம்ப நாள் வேண்டிக் கிடந்து பெற்றிருப்பாள் என்றார். அந்தப் பெரிய உடம்புக்காரர் கல்லாவுக்குப் பின்னால் அப்படியே நின்றார். வரிசையில் நின்றவர்கள் பால் வாங்க முடியாமல் காத்திருந்தார்கள். அதன் பிறகு அண்ணை அந்தக் கடைக்குப் போனால் உட்கார ஒரு ஸ்டூல் வந்துவிடும்.

ரெஜினா கர்ப்பமானது இந்தச் சமயத்தில்தான். பெண் பிள்ளை என்று ஸ்கேனில் சொல்லிவிட்டார்கள். அண்ணை அன்று தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு எழுந்து நின்றார்.

"லெற்றிஸ் எண்டு வையுங்கோ."

எங்களுக்குச் சரியாகக் காதில் விழவில்லை என்று நினைத்தோம்.

"சலாதோ?" என்றாள் ரெஜினா. "பிள்ளைக்குச் சலாது எண்டு பேர் வைக்கச் சொல்லுறியளோ?"

சொன்னால் நம்பமாட்டீர்கள், இங்கிலீஷ்காரன் அந்தப் பெயரையும், இவர்கள் சலாது என்று சொல்கிற, பச்சையாகத் தின்கிற லெட்டஸ் இலையையும் ஒரே மாதிரிதான் உச்சரிப்பான். அண்ணை அதற்கெல்லாம் அசரவில்லை. அன்று முதல் ரெஜினா துணி மடிக்கும்போதும் மீன் கழுவும்போதும் பின்னாலேயே நின்று அந்தப் பெயரின் சரித்திரத்தைச் சொல்ல ஆரம்பித்தார்.

"இலை வேறை, பேர் வேறை தங்கச்சி. இலைக்குப் பேர் பால் எண்ட கருத்துள்ள லத்தீன் சொல்லிலை இருந்து வந்தது. முறிச்சால் பால் வருமெல்லே, அதாலை. பேர் வந்தது லேட்டீசியா எண்ட சொல்லிலை இருந்து. மகிழ்ச்சி. வெறும் சந்தோசம் இல்லை, விளைச்சல் வீட்டுக்கு வந்து சேர்ந்தால் ஒரு நிறைவு வருமெல்லே, அது. ரோம ஆக்கள் அதை ஒரு பெண் தெய்வமாய்க் கும்பிட்டவை. பிரான்சிலை இருந்து கடல் கடந்து போன ஆக்கள் அந்தப் பேரை இங்கிலாந்துக்குக் கொண்டு போனவை. அங்கை சனத்தின்ரை வாயிலை தேஞ்சு தேஞ்சு லெற்றிஸ் ஆச்சுது. ஒரு காலத்திலை அரண்மனையிலையும் அந்தப் பேர், ஆடு மேய்க்கிற வீட்டிலையும் அந்தப் பேர்."

"பிறகேன் இப்ப ஒருதரும் வைக்கேல்லை?"

அண்ணை கொஞ்சம் இருமினார். "பிறகு ஆக்கள் சலாது தின்னத் தொடங்கிட்டினம்."

செல்வன் சிரித்துச் சிரித்து நாற்காலியிலிருந்து விழப் பார்த்தான். ரெஜினாவுக்குச் சிரிப்பு வரவில்லை. அவள் வேலை பார்த்த இடத்தில் எல்லாரும் ஜெசிக்கா என்று வைக்கிறார்கள், அவளும் ஜெசிக்கா என்று முடிவு செய்துவிட்டாள். அண்ணை விடவில்லை. வாரக்கணக்காக இந்தப் போர் நடந்தது. கடைசியில் ஒரு சனிக்கிழமை, பருப்பு அடிப்பிடித்த கோபமும் சேர்ந்துகொள்ள, ரெஜினா கரண்டியைத் தொட்டிக்குள் போட்டுவிட்டுத் திரும்பினாள்.

"அவ்வளவு ஆசையெண்டால் உங்கடை பிள்ளைக்கு வையுங்கோ அண்ணை. என்னை விடுங்கோ."

"எங்களுக்குப் பிள்ளை இல்லை" என்றார் அவர்.

அதில் இருந்த 'எங்களுக்கு' என்ற சொல்லை ரெஜினாதான் முதலில் பிடித்தாள். "எங்களுக்கு எண்டால்? ஆருக்கு?"

அப்போதுதான் எங்களுக்குத் தெரிந்தது, அவருக்கு ஒரு மனைவி இருக்கிறார் என்று. இத்தனை காலமும் ஊரில் உள்ளவன் பெயரையெல்லாம் அக்கு வேறு ஆணி வேறாகப் பிரித்துக்கொண்டிருந்த மனிதர், அந்த ஒரு பெயரை மட்டும் எங்களிடம் சொல்லவில்லை. சொல்லிவிட்டால் அடுத்ததாக, 'எங்கே இருக்கிறார், ஏன் வரவில்லை' என்று கேட்போம். அதற்குப் பதில் சொல்ல அவருக்குத் தெம்பு இல்லை. சனிக்கிழமைகளில் தேவாலயத்தைக் கூட்டிப் பெருக்கப் போகிறேன் என்று கிளம்பிப் போய், தெருமுனை டெலிபோன் கூண்டில் நின்று கொழும்புக்குப் பேசிவிட்டு வந்திருக்கிறார். மனைவியின் பெயர் லெட்டிஸ்.

எப்போதோ ஒரு வெள்ளைக்கார மிஷனரிப் பெண் பாய்மரக் கப்பலில் யாழ்ப்பாணம் வந்து பெண் பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் நடத்தியிருக்கிறாள். அவள் பெயர் லெட்டிஸ். காய்ச்சலில் செத்துப்போனாள். அவளிடம் படித்த ஒருத்தி தன் மகளுக்கு அந்தப் பெயரை வைத்தாள். அந்தக் குடும்பத்தில் பாட்டி பெயர் பேத்திக்கு என்று வந்து வந்து கடைசியாக அண்ணையின் மனைவிக்கு வந்து நின்றது. அர்த்தம் யாருக்கும் தெரியாது. ஊர்ப் பிள்ளைகள் 'லெச்சி' என்று கூப்பிட்டார்களாம்.

ஆசிரியை வேலைக்கு விண்ணப்பிக்கப் பிறப்புச் சான்றிதழ் வேண்டும் என்று அந்த லெட்டிஸ், அண்ணை வேலை பார்த்த பதிவு அலுவலகத்துக்கு, அவர்கள் பேச்சில் கந்தோருக்கு, போயிருக்கிறார். பழைய பதிவைத் திறந்து பார்த்தால் 'லெட்சுமி' என்று இருக்கிறது. எழுதியவருக்கு வாயில் நுழையாத பெயரைத் தனக்குத் தெரிந்த பெயராக மாற்றி எழுதிவிட்டார்.

"அவள் பரவாயில்லை, இருக்கட்டும் எண்டவள். நான்தான் விடேல்லை" என்றார் அண்ணை. "உங்கடை பேருக்கு என்ன கருத்து தெரியுமோ எண்டு கேட்டனான். தெரியாது எண்டாள். சொன்னன். அவள் சிரிச்ச சிரிப்பு, மூண்டு மேசை தள்ளி இருந்த பெரிய கிளாக்கரும் தலை நிமிர்ந்து பாத்தவர். அண்டைக்கே சிவப்பு மையாலை லெட்சுமியை வெட்டிப்போட்டு லெற்றிஸ் எண்டு திருத்தினன்."

அடுத்த வருடம் கல்யாணம். கல்யாணப் பதிவில் லெட்டிஸ். ஆனால் பள்ளிக்கூடச் சான்றிதழ்களில் அதற்கு முன்பே லெட்சுமி. அடையாள அட்டையிலும் லெட்சுமி. யாழ்ப்பாணம் முழுக்க இடம்பெயர்ந்தபோது அவரும் மூட்டையோடு நடந்து, திருத்திய சான்றிதழை வழியில் தொலைத்து, வன்னியில் கிடந்து, எப்படியோ கொழும்பு வந்து வெள்ளவத்தையில் ஒரு லாட்ஜில் அறை எடுத்துக்கொண்டு பாஸ்போர்ட் எடுத்தார். அதிலும் லெட்சுமிதான் வந்தது. இப்போது நியூசிலாந்து விசா அலுவலகம் கேட்கிறது: நீ கட்டிய பெண் லெட்டிஸ், வருகிறேன் என்று நிற்பவள் லெட்சுமி, இருவரும் ஒருவர்தான் என்பதற்கு என்ன அத்தாட்சி?

ரெஜினா மெதுவாகச் சொன்னாள்: "அண்டைக்கு லெட்சுமி எண்டே விட்டிருந்தால், இப்ப அக்கா இஞ்சை வந்திருப்பா."

அவர் எழுந்து தொட்டிக்குள் கிடந்த கரண்டியை எடுத்துக் கழுவினார். ரெஜினா அந்தப் பேச்சை அப்புறம் எடுக்கவில்லை. அடிப்பிடித்த பருப்பை அன்று எல்லாரும் தின்றோம்.

விசா அலுவலகத்தில் நேரில் பேசக் கூப்பிட்டார்கள். என் பழைய காரில் நான்தான் அழைத்துப் போனேன். வழி நெடுகச் சத்தியம்.

"அண்ணே, உள்ள போனா கேட்டதுக்கு மட்டும் பதில் பேசுங்க."

"ஓம்."

"அங்க இருக்கிறவங்க பேரைக் கேக்கக்கூடாது."

"கேக்கமாட்டன்."

"எழுதி ஒட்டியிருந்தா படிக்கக்கூடாது."

"கண்ணை மூடிக்கொண்டோ இருக்கிறது தம்பி? சரி. படிக்கமாட்டன்."

உள்ளே போனோம். மேசைக்கு அந்தப் பக்கம் ஒரு நடுத்தர வயது அம்மாள், கண்ணாடி போட்டுக்கொண்டு. மேசைமேல் பெயர்ப் பலகை. பார்பரா. நான் அண்ணையின் முழங்காலை மேசைக்குக் கீழே அழுத்திப் பிடித்தேன். அவர் நிமிர்ந்து உட்கார்ந்து, பலகையைப் பார்க்காமல் சுவரைப் பார்த்தார். நல்லபடியாகப் பேசினார். எல்லாம் சரியாகப் போய்க்கொண்டிருந்தது. கடைசியில் அந்த அம்மாள் பேனாவை வைத்துவிட்டு, "ஒரு பெயருக்காக இவ்வளவு சிக்கலா? அதைத் திருத்தியே ஆகவேண்டும் என்று என்ன இருந்தது?" என்று கேட்டார்.

என் கைக்குள் அவர் முழங்கால் துடித்தது.

"அம்மணி, பெயர் என்றால் சும்மா இல்லை. உங்கள் பெயரையே எடுத்துக்கொள்ளுங்கள்" என்று ஆரம்பித்தார். நான் இன்னும் பலமாக அழுத்தினேன்; அவர் நிற்கவில்லை. கிரேக்கர்களுக்கு மற்றவர்கள் பேசுவதெல்லாம் 'பர்பர்' என்றுதான் காதில் விழுமாம். அப்படிப் பேசுகிறவர்களுக்கு வைத்த பெயராம். பார்பரா என்றால் வெளிநாட்டுக்காரி. வெளிநாட்டுக்காரர்களை உள்ளே விடலாமா வேண்டாமா என்று முடிவு செய்கிற அலுவலகத்தில், முடிவு செய்கிற அம்மாளிடமே இதைச் சொல்லிவிட்டு, அவர் திருப்தியாக நாற்காலியில் சாய்ந்தார்.

அந்த அம்மாள் கண்ணாடியைக் கழற்றினார். "சரிதான். என் அப்பாவும் அம்மாவும் ஹாலந்திலிருந்து கப்பலில் வந்தவர்கள். பள்ளிக்கூடத்தில் என் பேச்சைக் கேட்டுச் சிரிப்பார்கள்" என்றார். அதன் பிறகு லெட்டிஸ் என்ற பெயரின் கதை முழுவதையும் ரோமாபுரியிலிருந்து வெள்ளவத்தை வரை அவர் கேட்டார். கேட்டு முடித்து, "நான் உங்களை நம்புகிறேன். ஆனால் நான் நம்பினால் போதாது. நீங்கள் சிவப்பு மையில் திருத்திய அந்தப் பதிவிலிருந்து ஒரு நகல் வேண்டும்" என்றார்.

காரில் வரும்போது அண்ணை சிரித்துக்கொண்டே வந்தார். நானும் அன்றைக்கு நம்பினேன். வீட்டில் ரெஜினா பாயாசம் வைத்தாள்.

யாழ்ப்பாணத்தில் தெரிந்தவர் ஒருவர் மூலமாகச் செய்தி வர நாளாயிற்று. கந்தோர் இருந்த கட்டிடத்துக்குக் கூரை இல்லையாம். உள்ளே அலமாரியும் இல்லை, புத்தகமும் இல்லை. ஆடு கட்டியிருக்கிறார்களாம். அண்ணை தன் கையெழுத்தாலேயே சாட்சி எழுதிக் கொடுத்தார். பங்குத் தந்தை எழுதினார். பழைய பெரிய கிளார்க் எங்கே என்று தேடினோம், அவர் இறந்துவிட்டிருந்தார். முடியாது என்று பதில் வந்த பிறகு அந்த பார்பரா அம்மாள் வீட்டுக்கே போன் செய்து, "ஐ ஆம் சாரி" என்று சொன்னார். அண்ணை அவருக்கு நன்றி சொல்லிவிட்டுப் போனை வைத்தார். அன்று தேநீர் போட்டவர் சர்க்கரைக்குப் பதில் உப்பைப் போட்டார். அதையும் குடித்தோம்.

அந்த வருடம் குளிர்காலத்தில் இரண்டு விஷயங்கள் நடந்தன. ரெஜினாவுக்குப் பெண் குழந்தை பிறந்தது. கொழும்பில் லெட்டிஸ் அக்காவுக்கு உடம்புக்கு முடியாமல் போயிற்று. முதலில் நெஞ்சுச் சளி என்றார்கள். பிறகு ஈரல் என்றார்கள். லாட்ஜில் பக்கத்து அறைக்காரர்கள்தான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போவதும் வருவதும்.

அண்ணை கிளம்ப முடிவு செய்தார்.

எங்கள் வீடு ரணகளமாயிற்று. செல்வன் அப்படிக் கத்தி நான் பார்த்ததில்லை. "விசர் பிடிச்சிட்டுதோ அண்ணை? சனம் காணி பூமியை வித்துப்போட்டு வெளியிலை ஓடி வருகுது. நீங்கள் திரும்பிப் போறன் எண்டுறியள். கொழும்பிலை சந்திக்குச் சந்தி மறிச்சு ஐடி கேக்கிறாங்கள். பிடிச்சுக்கொண்டு போனால் ஆர் கேக்கிறது?"

"அவளைப் பிடிச்சுக்கொண்டு போனால் மட்டும் ஆர் கேக்கிறது?" என்றார் அவர்.

நான் வேறு வழியில் போனேன். "அண்ணே, திரும்பி வர்ற விசா கொஞ்ச காலத்துக்குத்தான். அது முடிஞ்சா உங்களால உள்ள வரவே முடியாது. ரெண்டு பேருக்குமே இல்லாம போயிரும்."

"தம்பி, அவள் வருவாள் எண்டுதான் நான் இஞ்சை இருந்தனான். எனக்கு இந்த ஊரிலை வேறை என்ன அலுவல்? ஆற்றையும் மூக்கைப் பாத்துக்கொண்டிருக்கவோ?"

அவர் பயணத்துக்கு முந்தின ஞாயிறு குழந்தைக்கு ஞானஸ்நானம் வைத்திருந்தோம். காலையில் எல்லாரும் உடுத்திக்கொண்டு நின்றபோது ரெஜினா குழந்தையைக் கொண்டுவந்து அவர் மடியில் வைத்தாள்.

"அண்ணை, நானும் இவரும் யோசிச்சனாங்கள். லெற்றிஸ் எண்டே வைப்பம்."

செல்வன் தலையாட்டினான். நான் அவர் அழுவார் என்று எதிர்பார்த்தேன், சிரிப்பார் என்றும் எதிர்பார்த்தேன். அவர் குழந்தையின் முகத்தைப் பார்த்துக்கொண்டு இருந்தார்.

"வேண்டாம் தங்கச்சி."

"ஏன் அண்ணை? இவ்வளவு நாளும் நீங்கள்தானே..."

"அந்த வெள்ளைக்காரப் பிள்ளை வந்து, தாய் தேப்பன் முகம் பாக்காமல் காய்ச்சலிலை செத்தது. என்ரை மனிசியின்ரை பாட்டி சின்ன வயசிலை தாலி அறுத்தவ. மனிசி இப்ப லாட்ஜிலை தனியக் கிடக்கிறாள். மகிழ்ச்சி எண்டு பேர் வைச்ச ஒருதியும் மகிழ்ச்சியாய் இருக்கேல்லை. பேருக்கும் வாழ்க்கைக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. நான் சும்மா கதைச்சுக்கொண்டு திரிஞ்சிருக்கிறன்."

இதை அவர் கோபமாகச் சொல்லவில்லை. குழந்தை அவர் சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டிருந்தது.

"ஜெசிக்கா எண்டே வையுங்கோ" என்றார். "அதுக்கு என்ன கருத்து எண்டு ஒருதருக்கும் திடமாய்த் தெரியாது. அது நல்லது. பிள்ளை தன்ரை பாட்டிலை வளரட்டும்."

ஜெசிக்கா என்றே வைத்தோம்.

விமான நிலையத்துக்கு ஃபிஜிக்கார முன்சாமியும் கடையைப் பூட்டிவிட்டு வந்தார். ஒரு டின் பால்மாவும் இரண்டு கம்பளிப் போர்வையும் கொண்டுவந்திருந்தார். கொழும்பின் வெயிலுக்குக் கம்பளி எதற்கு என்று யாரும் அவரிடம் சொல்லவில்லை. அண்ணை இரண்டையும் வாங்கிக் கைப்பையில் திணித்துக்கொண்டார். டிக்கெட் பார்க்கும் பெண்ணின் சட்டையில் பெயர் குத்தியிருந்தது. அவர் அதைப் படிக்கவில்லை. படிக்கவில்லை என்பதை நான் பார்த்துக்கொண்டிருந்தேன். அன்றைக்கு என்னை ரொம்பப் பயமுறுத்தியது அதுதான்.

கொழும்பில் அவர்கள் சேர்ந்து இருந்தது ஒரு மழைக்காலமும் அதற்குப் பிறகு கொஞ்ச நாட்களும். இடையில் ஒருமுறை போலீஸ் அவரைப் பிடித்துப் போய், மனைவி பெயர் என்ன என்று கேட்டு, அவர் சொன்ன பெயரும் மனைவியின் அட்டையில் இருந்த பெயரும் வேறாக இருக்க, ஒரு பகல் முழுக்க உட்காரவைத்திருக்கிறார்கள். இதை அவர் போனில் சொன்னபோது செல்வன் சிரித்தான்; சிரித்துவிட்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். ஒருமுறை அக்காவே பேசினார். மெல்லிய குரல். "தம்பி பாஸ்கர்தானே? உங்களைப் பற்றி எல்லாம் சொன்னவர். இஞ்சை வந்து ஆஸ்பத்திரி நர்சுகளின்ரை பேருக்கெல்லாம் கருத்துச் சொல்லிக்கொண்டு திரியிறார். மருந்து பிந்தித்தான் வருகுது" என்றார். அவர் சிரித்தது தூரத்து லைனிலும் கேட்டது. பெரிய கிளார்க் ஏன் தலை நிமிர்ந்து பார்த்தார் என்று அப்போது எனக்குப் புரிந்தது.

அக்கா இறந்த செய்தியை லாட்ஜ்காரர்தான் எங்களுக்குச் சொன்னார். அப்போது அண்ணையின் விசா முடிந்திருந்தது. கேட்டுப் பார்த்தோம்; முடியாது என்றார்கள். பார்பரா அம்மாள் வேறு ஊருக்கு மாற்றலாகிப் போயிருந்தார்.

அடுத்த ஞாயிறு சாயங்காலம் போன் கார்டு ஒன்று வாங்கிவந்து லாட்ஜுக்கு அடித்தேன். அங்கே மத்தியானம். யாரோ எடுத்து, "ஐயா, உங்களுக்கு" என்று கூப்பிட்டார்கள். செருப்புச் சத்தம் கேட்டது. மூச்சு கேட்டது.

"அண்ணே."

"ம்."

என்னென்னவோ சொல்ல நினைத்து வைத்திருந்தேன். ஒன்றும் வரவில்லை. அந்தப் பக்கமும் ஒன்றும் வரவில்லை. கொழும்புத் தெருவில் பஸ் ஒன்று ஹாரன் அடித்துக்கொண்டு போனது. கார்டில் இன்னும் ஒரு நிமிடம்தான் மிச்சம் என்று நடுவில் ஒரு பெண் குரல் ஆங்கிலத்தில் வந்து சொல்லிவிட்டுப் போயிற்று. அவர் போனை வைக்கவில்லை. நானும் வைக்கவில்லை.